சத்தம் கூடாது

ஜனவரி 12

அன்புள்ள அக்காவுக்கு,

உன் தம்பி எழுதுகிறேன். நானும் நெட்டையும் குத்துக்கல் மாதிரி இருக்கிறோம், கவலைப்படாதே. உன் முட்டிவலி எந்த மட்டில் இருக்கிறது? அத்தானின் பைண்டிங் கடையில் பசை வாளியைத் தூக்குகிற வேலையை விட்டாயா, இல்லை "நான் தூக்கலேன்னா யார் தூக்குவா?" என்ற பழைய பாட்டுதானா?

இங்கே பெரிய சேதி ஒன்று. எங்கள் கம்பெனியில் படம் பேச ஆரம்பித்துவிட்டது.

எட்டு வருஷமாக ஊமைப்படத்தில் நடிக்கிறேனே, அந்த இடத்தில் இருந்த இரைச்சல் சந்தையில்கூட இருக்காது. டைரக்டர் தகரக் குழலை வாயில் வைத்து, "ஓடு! திரும்பு! இப்ப அழு! இன்னும் அழு!" என்று அலறுவார். பக்கத்து செட்டில் தச்சர்கள் ஆணி அடிப்பார்கள். நெட்டை மாடியிலிருந்து குதிக்கும்போது நான் கீழே நின்றுகொண்டு, "கால மடக்கு! வலது பக்கம் உருளு!" என்று தொண்டை கிழியக் கத்துவேன். டைரக்டரின் குழலைவிட அவனுக்கு என் குரல்தான் கணக்கு.

இப்போது எல்லாம் தலைகீழ். படம் பேசுகிறது, நாங்கள் வாயைப் பொத்திக்கொண்டு நிற்கிறோம். புதுக் கொட்டகை கட்டியிருக்கிறார்கள். சுவர் முழுக்கக் கம்பளி, ஜன்னல்களைச் செங்கல் வைத்து அடைத்தாயிற்று. காமிரா ஓடும் கரகரப்பு மைக்கில் விழக்கூடாது என்று அதைக் கண்ணாடிக் கூண்டுக்குள் தள்ளி, காமிராக்காரரையும் உள்ளே விட்டு மூடுகிறார்கள். வாசலில் சிவப்பு பல்ப் எரிந்தால் வெளியிலிருந்து கதவைத் தாழ் போட்டுவிடுவார்கள். விசிறி கிடையாது. திரும்பின பக்கமெல்லாம் 'சத்தம் கூடாது' என்று அட்டை. சத்தக்காரர் என்று ஒரு புது மனிதர் வந்திருக்கிறார். காதில் இரண்டு கறுப்புக் கிண்ணத்தை மாட்டிக்கொண்டு தனி அறையில் உட்கார்ந்திருப்பார். டைரக்டரே அவர் முகத்தைப் பார்த்துத்தான் மூச்சு விடுகிறார்.

முதல் வாரமே நான் மாட்டிக்கொண்டேன். நெட்டை படிக்கட்டில் உருள வேண்டும். பழக்கதோஷம், "தலைய உள்ள இழு!" என்று கத்திவிட்டேன். காட்சி போச்சு. சத்தக்காரர் வெளியே வந்து, "யாருய்யா அது?" என்றார். "மீசைதாங்க" என்று நாலு பேர் கை காட்டினார்கள். இங்கே எல்லாருக்கும் நான் மீசைதான். கட்டை என்று கூப்பிட இந்த ஊரிலேயே நெட்டை ஒருவன்தான் இருக்கிறான். நம் தெருவில் நெட்டையும் கட்டையும் என்று சிரித்தது இங்கே யாருக்கும் தெரியாது.

அவன் தன் வீட்டுக்காரிக்குச் சொல்லச் சொன்னது: முழங்கைக் காயம் ஆறிவிட்டது. சட்டைப் பொத்தான் மூன்று போய்விட்டது. அவளை அடிக்கடி நினைக்கிறானாம். இதை நீ சத்தமாகப் படிக்கக்கூடாதாம். எழுதத் தெரியாதவன் வழக்கம்போல் தன் கையெழுத்தைக் கீழே போட்டிருக்கிறான், ஒரு நெட்டுக்கோடு.

அன்புத் தம்பி
|


ஜனவரி 27

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா ஆசீர்வாதத்துடன் எழுதுவது. முட்டிவலி என்னோடு குடித்தனம் நடத்துகிறது. அத்தானைவிட அது சொன்ன நேரத்துக்கு வந்துவிடுகிறது. மற்றபடி எல்லாரும் சுகம்.

உன் கடிதத்தை வழக்கம்போல் நெட்டையின் வீட்டுக்காரிக்கு, நம் தையல்காரிக்குப் படித்துக் காட்டினேன். மிஷினை நிறுத்திவிட்டுக் கேட்டாள். சத்தமாகப் படிக்கக்கூடாது என்ற வரியைச் சத்தமாகவே படித்தேன். துணியால் முகத்தை மூடிக்கொண்டாள். நெட்டுக்கோட்டை விரலால் ஒரு தரம் தடவிப் பார்த்தாள். எப்போதும் செய்வதுதான்.

அப்புறம் ஊசியில் நூல் கோக்கப் போனவள் கோக்காமலே கேட்டாள்:

"அக்கா, அண்ணன் கத்தலேன்னா இவருக்கு எப்படித் தெரியும்?"

"எதும்மா?"

"எப்ப உருளணும், எப்ப நிக்கணும்னு. அந்த விளக்கு வெளிச்சத்துல கண்ணு கூசி பாதி நேரம் ஒண்ணும் தெரியறதில்லேன்னு சொல்வாரே. அண்ணன் குரல வச்சுத்தான் குதிக்கறேன்னு சொல்வாரே."

"ஏதாவது கைச்சாடை காட்டுவாங்கடி" என்று சொல்லி வைத்தேன். நிஜமாகவே என்ன செய்கிறீர்கள் என்று எழுது.

இங்கேயும் பேசும் படத்தின் வேலை ஆரம்பித்துவிட்டது. நம் தியேட்டரில் திரைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து பியானோ வாசித்தாரே, அவர் அத்தானிடம் வேலை கேட்டு வந்தார். புத்தகம் தைக்க உட்கார வைத்திருக்கிறோம். விரல் என்னமாய் ஓடுகிறது! ஆனால் வாயைத் திறந்து ஒரு வார்த்தை பேசுவதில்லை.

உடம்பைப் பார்த்துக்கொள். இரண்டு பேரும் வேளைக்குச் சாப்பிடுங்கள்.

உன் அக்கா


பிப்ரவரி 19

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். உங்கள் எல்லாரின் நலமும் வேண்டும். பதில் எழுதத் தாமதமாகிவிட்டது. இங்கே நாளுக்கொரு தலை உருளுகிறது.

எல்லாரையும் வரிசையாகக் கூப்பிட்டு மைக் முன்னால் நிறுத்திப் பேசச் சொன்னார்கள். ஆறு வருஷம் இளவரசியாக நடித்த அம்மாள் இரண்டு வாக்கியம் பேசினாள். சத்தக்காரர் கண்ணாடிக்குப் பின்னாலிருந்து விரலை இப்படியும் அப்படியும் ஆட்டினார். அவ்வளவுதான். அந்த அம்மாள் போகும்போது தன் மேக்கப் பெட்டியைக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. என் முறை வந்தபோது, "தகர டப்பால கல்லு போட்டு ஆட்டுற மாதிரி இருக்கு. பேசாம நிக்கற வேஷம் குடுங்க" என்றார். ஆக, பேசும் படத்தில் பேசாத ஆள் நான். பத்துப் பேர் வீட்டுக்குப் போன இடத்தில் அதுவே பெரிய பாக்கியம்.

நீ கேட்டதற்குப் பதில்: கைக்குட்டை ஆட்டுகிறார்கள். ஒரு தரம் ஆட்டினால் ஓட்டம், இரண்டு தரம் ஆட்டினால் விழ வேண்டும். நெட்டைக்குக் கைக்குட்டை சில சமயம் தெரிகிறது, சில சமயம் இல்லை. தங்கச்சியிடம் தெரிகிறது என்றே சொல்.

இன்னொரு தப்பும் செய்துவிட்டேன். போன வாரம் ஒரு நீளக் காட்சி. நடுவில் நெட்டைக்குப் பின்னால் விளக்குக் கம்பம் ஆடுகிற மாதிரி தெரிந்தது. "பாத்து!" என்றேன். ஒரே ஒரு வார்த்தை. கம்பம் விழவில்லை, விழுகிற மாதிரியும் இல்லையாம். ஆறு நிமிஷக் காட்சி பாழ். டைரக்டர் என் மீசைக்கு நேராக விரலை நீட்டி, "ரெண்டாவது தடவை. இன்னொரு தடவை உன் வாய் தொறந்தா, கதவும் தொறக்கும். அப்படியே போயிடலாம்" என்றார்.

அடுத்த மாதம் கிடங்கு எரிகிற காட்சி. நிஜ நெருப்பு வைக்கிறார்கள். நெட்டை உள்ளேயிருந்து ஓடி வர வேண்டும், அவன் தாண்டின பிறகு மேலே கட்டியிருக்கும் உத்தரக் கட்டையை அவிழ்த்து விடுவார்கள். நான் பத்தடி தள்ளி, கல்நெஞ்சுக் காவல்காரனாக அசையாமல் நிற்க வேண்டும். நெட்டைக்குப் பயமே இல்லை. "நீதான் பக்கத்துல நிக்கறியேடா கட்டை. ஏதாவதுன்னா குரல் குடுக்க மாட்டியா?" என்றான்.

"குடுப்பேன்டா" என்றேன்.

அன்புத் தம்பி
|


மார்ச் 3

அன்புள்ள தம்பிக்கு,

சுகம். நீயும் அவனும் சுகமாக இருக்க வேண்டும். இந்தக் கடிதம் சுருக்கம்தான், தபால் எடுக்க ஆள் வந்துவிடுவான்.

நெருப்பு என்ற வார்த்தையைத் தாண்டிப் படிக்கத்தான் பார்த்தேன். என் முகத்தைப் பார்த்தே பிடித்துவிட்டாள். "இந்த ஒரு காட்சி மட்டும் வேண்டாம்னு சொல்லச் சொல்லுங்க. வேற யாராவது ஓடட்டும்" என்கிறாள். அவள் சொல்லி அவன் கேட்பானா என்று எனக்கும் தெரியும், அவளுக்கும் தெரியும். ஆனாலும் எழுதுகிறேன். இதோடு ஒரு சட்டை வருகிறது. பொத்தான் எல்லாம் இரட்டை நூலில் தைத்திருக்கிறாளாம்.

காட்சி முடிந்த அன்றே ஒரு வரி போடு.

உன் அக்கா


மார்ச் 20

அன்புள்ள அக்காவுக்கு,

நலம். காட்சி முடிந்துவிட்டது. சட்டை வந்து சேர்ந்தது. நெட்டைக்குக் கொஞ்சம் அசதி, படுத்திருக்கிறான். தான் நன்றாக இருப்பதாக எழுதச் சொன்னான். வேலை அதிகம். பிறகு விவரமாக எழுதுகிறேன்.

தம்பி


ஏப்ரல் 2

அன்புள்ள தம்பிக்கு,

நலமா? நாங்கள் நலம் என்று எழுதக் கை வரவில்லை.

உன் கடிதம் வந்த அன்று தையல்காரி வேலையை விட்டுவிட்டு ஓடி வந்தாள். படித்தேன். ஐந்தே வரி. "அவ்வளவுதானா?" என்றாள். காகிதத்தை வாங்கி முன்னும் பின்னும் திருப்பினாள். எழுத்துத் தெரியாதவளுக்கு அதில் படிக்கத் தெரிந்தது ஒன்றே ஒன்றுதான்.

"கோடு எங்கக்கா?"

படுத்திருப்பதால் போட்டிருக்க மாட்டான் என்றேன். "விரலு கூடவா படுத்திருக்கு?" என்றாள்.

நீ எழுதுகிற கடிதத்தில் ஒரு கிண்டலாவது இருக்கும். இதில் என் முட்டியைப் பற்றிக்கூடக் கேட்கவில்லை. கையெழுத்து உன்னுடையதுதானா என்று அத்தான் விளக்கடியில் வைத்துப் பார்த்தார்.

என்ன நடந்தது? எதுவானாலும் எழுது. இவளைத் தினமும் பார்க்க என்னால் முடியவில்லை.

உன் அக்கா


ஏப்ரல் 16

தம்பி,

உனக்காகக் காத்திருந்தேன். கம்பெனியின் கடிதம் முந்திக்கொண்டது.

டைப் அடித்த காகிதம், கீழே முத்திரை. தையல்காரி அதை என்னிடம் நீட்டினாள். 'மார்ச் பதினான்காம் தேதி படப்பிடிப்பின்போது மேற்படியார் குடிபோதையில் இருந்தபடியால் குறித்த இடத்தில் ஓடத் தவறி விபத்துக்குள்ளாகி, பதினெட்டாம் தேதி ஆஸ்பத்திரியில் காலமானார். அடக்கம் கம்பெனியின் பொறுப்பில் முறைப்படி நடத்தப்பட்டது.' அதோடு, இதை உடன் நடித்தவர்கள் சாட்சியாக எழுதிக் கொடுத்திருக்கிறார்கள் என்றும் ஒரு வரி.

அவள் அழவில்லை. "குடியா? இருமல் மருந்தே நாறுதுன்னு துப்பறவரு" என்று மட்டும் சொன்னாள். அப்புறம் போய் மிஷினில் உட்கார்ந்தாள். துணி இல்லாமல் சும்மா மிதித்துக்கொண்டேயிருந்தாள்.

பதினெட்டாம் தேதி போய்விட்டான். நீ இருபதாம் தேதி எழுதியிருக்கிறாய், அவன் படுத்திருக்கிறான் என்று. உன் கடிதத்தின் தலையில் இருக்கிற தேதியை நான் அவளுக்குப் படிக்கவில்லை. இனிமேலும் படிக்க மாட்டேன். ஆனால் எனக்குச் சொல். உடன் நடித்தவர்கள் என்றால் யார் யார்?

அக்கா


மே 9

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதங்கள் எல்லாம் கிடைத்தன. பதில் எழுதாததற்கு மன்னித்துக்கொள். அத்தான் சுகமா? உன் முட்டிக்கு எண்ணெய் தடவுகிறாயா?

புகை மிகவும் அதிகமாக இருந்தது. கண்மூடித் திறப்பதற்குள் நடந்துவிட்டது. யாரையும் குறை சொல்வதற்கில்லை. நடக்க வேண்டும் என்று இருந்தால் யாரால் தடுக்க முடியும்? நான் உடனே எழுதாததற்குக் காரணம், எல்லாவற்றையும் முறைப்படி தாங்களே தெரிவிப்பதாக மானேஜர் சொல்லிவிட்டதுதான். அவன் பெட்டியையும் துணிமணிகளையும் ரயிலில் அனுப்பியிருக்கிறேன். நீங்கள் அனுப்பிய சட்டையும் அதில் இருக்கிறது, மடிப்புக் கலையாமல்.

எனக்கு அடுத்த படத்தில் பேசுகிற வேஷம் கொடுத்திருக்கிறார்கள். சத்தக்காரரே என் குரல் இப்போது தேறிவிட்டது என்கிறார். மானேஜர் என்னைப் பார்த்தால் நின்று நாலு வார்த்தை பேசுகிறார். உனக்குச் சந்தோஷமாக இருக்கும் என்று எழுதுகிறேன்.

ஒன்றே ஒன்று கேட்டுக்கொள்கிறேன், அக்கா. அந்தப் படம் நம் ஊருக்கு வந்தால் தங்கச்சியை அழைத்துக்கொண்டு போகாதே. நீயும் போகாதே.

தம்பி


ஆகஸ்ட் 11

தம்பி,

போனோம்.

தியேட்டர் வாசலில் தட்டி வைத்த அன்றிலிருந்தே அவள் போக வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்றாள். நான் எத்தனையோ சொல்லிப் பார்த்தேன். "ஊமைப்படத்துல அவரு விழறத எத்தனையோ தடவ பாத்தாச்சு. இதுல குரல் இருக்குமில்லக்கா? ஒரு வார்த்தையாவது பேசியிருப்பாரில்ல?" என்று கேட்டாள். அதற்கு மேல் எப்படித் தடுப்பேன்? மதிய ஆட்டத்துக்குப் போனோம். அத்தான் வரவில்லை. பியானோக்காரர் தானாகவே துணைக்கு வந்தார்.

முக்கால்வாசிப் படம் கதாநாயகன் பாட்டிலேயே போயிற்று. அப்புறம் கிடங்கு வந்தது. ஓரத்தில் ஈட்டியோடு நீ. உள்ளேயிருந்து புகை. நெட்டை கண்ணைச் சுருக்கிக்கொண்டு, கையால் துழாவிக்கொண்டு ஓடி வருகிறான். மேலேயிருந்து கட்டை விழுகிறது, அவன் இடுப்பின் மேல். தையல்காரியின் நகம் என் கையில் இறங்கியது. நடிப்பு என்று இன்னமும் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அப்போது அவன் கத்தினான்.

"கட்டை! டேய் கட்டை!"

கொட்டகையில் ஒருவரும் அசையவில்லை. பின்வரிசையில் ஒருத்தி, "பாவம், கட்டையத் தூக்கச் சொல்றான்" என்று மூக்கைச் சிந்தினாள். எல்லாருக்கும் அப்படித்தான் கேட்டிருக்கும். கதைக்கும் அது பொருந்திவிட்டது. அதனால்தானே வெட்டாமல் வைத்திருக்கிறார்கள்? எங்கள் இரண்டு பேருக்கு மட்டும்தான் தெரியும், அவன் யாரைக் கூப்பிட்டான் என்று.

மூன்று தடவை கூப்பிட்டான். நீ நின்றாய். நான் என்னை அறியாமல் எண்ணிக்கொண்டிருந்தேன். பதினொன்று வரை எண்ணினேன். அப்புறம் படத்தில் வேறு இடம் வந்துவிட்டது, ஒருத்தி பூப்பறித்துக்கொண்டிருந்தாள்.

மறுநாள் அவள் தனியாகப் போனாள். அடுத்த நாளும் போனாள். படம் ஓடிய ஒன்பது நாளும் போனாள். கடைசி நாள் திரும்பி வந்து என் வாசல்படியில் நின்றுகொண்டு சொன்னாள்: "மொத மூணு நாள் அவரப் பாத்தேன்க்கா. அப்புறம் அண்ணனையே பாத்தேன். அவரு கால் ஒண்ணு முன்னால வருது. அரை அடி. அப்புறம் பழைய இடத்துக்கே போயிடுது. எது இழுத்துச்சுன்னு கேளுங்க."

கேட்டுவிட்டேன். நீ எழுதுவதை ஒரு எழுத்து விடாமல் அவளுக்குப் படிக்கப் போகிறேன். அதை மனதில் வைத்துக்கொண்டு எழுது.

அக்கா


செப்டம்பர் 2

அக்காவுக்கும் தங்கச்சிக்கும்,

நலம் விசாரிக்க எனக்கு யோக்கியதை இல்லை. நேராக எழுதுகிறேன்.

விளக்கு எரிந்தது, கதவு தாழ் போட்டாயிற்று. நெருப்பு வைத்தார்கள். நினைத்ததைவிடப் புகை சீக்கிரம் நிறைந்தது. ஜன்னல் இல்லாத இடம், எங்கே போகும்? நெட்டை கிடங்கு வாசலுக்கு வந்தான். அப்போது நான் மேலே பார்த்தேன். உத்தரத்தைக் கட்டியிருந்த கயிற்றில் தீப்பிடித்து நூல் நூலாகப் பிரிந்துகொண்டிருந்தது. டைரக்டர் இருந்த பக்கத்திலிருந்து அது தெரியாது. எனக்குத் தெரிந்தது. கைக்குட்டையை ஆட்டினார்கள். அவன் கண்ணுக்கு அது எட்டவில்லை, தயங்கினான், சரியாகக் கட்டைக்குக் கீழே நின்றான்.

"ஓடு" என்று ஒரு சொல் போதும். நாக்கு நுனிக்கு வந்தது. போன தடவையும் இப்படித்தானே விழாத கம்பத்துக்குக் கத்தினோம் என்று நினைத்தேன். இது மூன்றாவது தடவை, வாய் திறந்தால் கதவு திறக்கும் என்று நினைத்தேன். கயிறு இன்னும் ஒரு நிமிஷம் தாங்கும் என்று நினைத்தேன். இத்தனையும் ஒரு மூச்சுக்குள் நினைத்தேன். கயிறு அறுந்துவிட்டது.

விழுந்த பிறகு கூப்பிட்டானே, அப்போதாவது ஓடியிருக்கலாம். ஒரு காலை எடுத்து வைத்தேன். டைரக்டர் உள்ளங்கையைக் காட்டி அப்படியே நில் என்றார். அவன் பிரமாதமாக நடிக்கிறான் என்று அவர் நினைத்தார். எனக்குத் தெரியும், அது நடிப்பில்லை என்று. நடிக்கும்போது அவன் என்னைக் கட்டை என்று கூப்பிட மாட்டான். தெரிந்தும் நானே காலைப் பின்னுக்கு எடுத்துக்கொண்டேன். தங்கச்சி கேட்டதற்கு இதுதான் பதில். வேறு எதுவும் என்னை இழுக்கவில்லை.

காட்சி முடிந்து, வெளியில் இருந்தவனைத் தட்டிக் கூப்பிட்டுக் கதவைத் திறக்க வைத்துத் தூக்கிக்கொண்டு ஓடினோம். சத்தக்காரர் தன் அறையிலிருந்து வந்து, "ரொம்பத் துல்லியமாப் பதிஞ்சிருக்கு" என்றார். அவருக்கும் அப்போது விஷயம் தெரியாது.

ஆஸ்பத்திரியில் நாலு நாள் அவன் பக்கத்திலேயே இருந்தேன். கண்ணைக் கட்டியிருந்தார்கள். இரண்டாவது நாள் கேட்டான்: "ஏன்டா, புகையில நான் கூப்பிட்டது உனக்குக் கேக்கலையா?"

"கேக்கலடா" என்றேன்.

"அதானே பார்த்தேன்" என்றான். அப்புறம் நிம்மதியாகத் தூங்கினான்.

மானேஜர் காகிதத்தோடு ஆஸ்பத்திரி வராந்தாவுக்கே வந்தார். குடித்திருந்தான் என்று எழுதியிருந்தது. நான் படித்துப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன். படிக்காமல் போட்டேன் என்று சொன்னால் இன்னொரு பொய்யாகும். பேசுகிற வேஷம் அதற்குப் பிறகுதான் வந்தது.

அந்த அடுத்த படத்தில் எனக்கு நாற்பது வரி வசனம். எல்லாவற்றையும் பிசகாமல் பேசி முடித்தேன்.

கட்டை


செப்டம்பர் 24

தம்பி,

ஒரு எழுத்து விடாமல் படித்தேன். படித்து முடிக்க இரண்டு மணி நேரம் ஆயிற்று. ஆஸ்பத்திரி இடத்தை இன்னொரு தரம் படிக்கச் சொன்னாள், படித்தேன்.

அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன், என் வார்த்தை எதையும் சேர்க்காமல்:

"அவருகிட்டச் சொன்ன பொய்யில எனக்குக் கோவமில்ல. சாகப்போற மனுஷன், நிம்மதியாப் போகட்டும். ஆனா நான் உசிரோட இருக்கேன். எனக்கும் ஒரு பொய்ய எழுதி அனுப்பினாரே, அசதியாப் படுத்திருக்காருன்னு. நான் அந்தச் சேதிய நம்பி ரெண்டு வாரம் புதுத் துணி தச்சேன். அது போகட்டும். எம் புருஷன் குடிகாரன்னு ஒரு காகிதத்துல இருக்கு. அதுல அண்ணன் கையெழுத்து இருக்கு. அந்தக் காகிதம் இருக்கற வரைக்கும் அவரு செத்தும் குடிச்சுக்கிட்டே இருக்காரு. அது பொய்யின்னு அண்ணன் வாயால சொல்லட்டும். எங்கிட்ட இல்ல. எங்க சொல்லணுமோ அங்க."

இவ்வளவுதான் சொன்னாள். மன்னிப்பு, சாபம் என்று எதுவும் அவள் வாயிலிருந்து வரவில்லை.

நான் என் பங்குக்கு ஒன்று எழுதுகிறேன். நீ ஐந்து வயசில் கிணற்றடியில் வழுக்கி விழுந்தபோது தெருவே திரளும்படி கத்தினாய். அத்தனை சத்தம் போடத் தெரிந்தவன்தான் நீ. உனக்கு அங்கே என்ன ஆகுமோ என்று எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது. கம்பெனிக்காரர்கள் சும்மா விடமாட்டார்கள் என்று அத்தான் சொல்கிறார். இருந்தாலும் போகாதே என்று எழுத எனக்கு மனம் வரவில்லை.

உன் அக்கா


நவம்பர் 18

அன்புள்ள அக்காவுக்கு,

உயிரோடு இருக்கிறேன். இரண்டு மாதம் எழுதாமல் இருந்ததற்குக் காரணம் உண்டு. எழுதினால் தைரியம் எல்லாம் காகிதத்திலேயே தீர்ந்துவிடும் போல் இருந்தது.

முதல் தடவை போலீஸ் ஸ்டேஷன் வாசல் வரை போய்த் திரும்பிவிட்டேன். இரண்டாம் தடவை உள்ளே போனேன். அதற்குப் பிறகு என் அறைக்கு எதிரில் இரண்டு பேர் நிற்க ஆரம்பித்தார்கள். ஒன்றும் பேச மாட்டார்கள், நான் போகிற இடமெல்லாம் பின்னால் வருவார்கள். வீட்டுக்காரர் அறையைக் காலி செய்யச் சொன்னார். மானேஜர் ஒருநாள் காரை நிறுத்தி ஏறச் சொன்னார். "மீசை, உனக்கு இப்பத்தான் குரல் வந்திருக்கு. அதக் கெடுத்துக்காதே" என்றார். நான் ஏறவில்லை. ஒரு வாரம் ஸ்டேஷன் பக்கத்துச் சாப்பாட்டுக் கடைப் பெஞ்சில் படுத்தேன்.

இந்த மாதத் தொடக்கத்தில் மாஜிஸ்திரேட் முன்னால் விசாரணை. படத்தின் அந்தப் பகுதியைப் போட்டுக் காட்ட உத்தரவு போட்டிருந்தார். ஜன்னல்களில் கறுப்புத் துணி கட்டி, சுவரில் படம் ஓடியது. கம்பெனி வக்கீல் எழுந்து, "கனம் கோர்ட்டார் கேட்டிருப்பீர்கள். தன் மேல் விழுந்த கட்டையைப் பற்றித்தான் கத்துகிறார். வசனம் சரியாகப் பொருந்துகிறது. விபத்து என்றே அப்போது யாருக்கும் தெரிந்திருக்க முடியாது" என்றார்.

மாஜிஸ்திரேட் என்னைப் பார்த்து, "அவர் சொல்றது சரிதானே? கட்டைன்னா அந்த உத்தரக் கட்டைதானே?" என்றார்.

எனக்குக் குரல் வரவில்லை, அக்கா. நாற்பது வரி வசனம் பேசினவனுக்கு ஒரு வரி வரவில்லை. வக்கீல் சிரித்துவிட்டு உட்காரப் போனார்.

"இல்லீங்க" என்றேன். "நான்தாங்க கட்டை."

அதற்குப் பிறகு யாரும் கேட்காமலே எல்லாவற்றையும் சொன்னேன். கயிறு, கைக்குட்டை, வெளித் தாழ்ப்பாள், வராந்தாவில் போட்ட கையெழுத்து. ஆஸ்பத்திரி டாக்டரும் வந்து, வாயில் மது வாடையே இல்லை என்று தான் அன்றைக்கே எழுதி வைத்ததைக் காட்டினார். தீர்ப்பின்படி விபத்துப் பதிவிலிருந்து 'குடிபோதை' என்ற வார்த்தையை நீக்கியாயிற்று. அதன் நகல் ஒன்றை முத்திரையோடு வாங்கி வைத்திருக்கிறேன். படம் பிடிக்கும்போது கதவை வெளியில் பூட்டக்கூடாது என்று எல்லாக் கம்பெனிக்கும் உத்தரவு. டைரக்டருக்கு ஒன்றும் ஆகவில்லை, கண்டித்து விட்டுவிட்டார்கள். பொய்க் கையெழுத்துப் போட்டதற்காக நான் பன்னிரண்டு நாள் உள்ளே இருந்துவிட்டு நேற்றுத்தான் வெளியே வந்தேன். எனக்கு இனி எந்தக் கம்பெனியிலும் வேலை இல்லை. வாசல்காரன்கூட உள்ளே விடுவதில்லை.

இன்னொன்று நடந்துவிட்டது. இதை எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை. வம்பு வேண்டாம் என்று கம்பெனிக்காரர்கள் தாங்களாகவே எல்லாப் பிரதியிலும் அவன் கத்துகிற இடத்தை வெட்டிவிட்டார்கள். வெட்டின துண்டுகளைத் தகரத்தில் போட்டு எரித்தார்களாம். சத்தக்காரர் என்னைத் தேடி வந்து சொல்லிவிட்டுப் போனார். அவன் குரல் இந்த உலகத்தில் இருந்தது அந்த ஒரு இடத்தில்தான். தங்கச்சி ஒன்பது நாள் போய்க் கேட்டது அதைத்தான். நான் வாயைத் திறந்ததால் அதுவும் போயிற்று. முதலில் உன்னையே அவளிடம் சொல்லச் சொல்லலாம் என்று நினைத்தேன். வேண்டாம். இதையும் நானே சொல்கிறேன்.

வியாழக்கிழமை வண்டியில் புறப்படுகிறேன், சனிக்கிழமை பகலில் வந்து சேருவேன். ஸ்டேஷனுக்கு யாரும் வர வேண்டாம். நம் வீட்டுக்கு முதலில் வர மாட்டேன். தையல் கடை வாசலில் நிற்பேன். தங்கச்சி கதவைத் திறந்தால் உள்ளே போய்ச் சொல்வேன். திறக்காவிட்டால் நடுத்தெருவில் நின்று, அவன் குடிக்கவில்லை, நான்தான் குரல் கொடுக்கவில்லை என்று கடைசி வீட்டுக்குக் கேட்கிற வரைக்கும் சொல்வேன்.

அதற்கப்புறமும் உனக்கு மனம் இருந்தால் கூப்பிடு. வருகிறேன்.

உன் தம்பி
கட்டை